சும்மா

வெருலம் கோர்ட்டில் நான் துபாஷி.
நாளுக்கு மூன்று ஷில்லிங், மதியச் சோறு என் செலவு.

கரும்புத் தோட்டத்துக்குத் தீ வைத்ததாகச்
சடையன்மேல் வழக்கு.
குற்றத்தை இங்கிலீஷில் வாசித்தார்கள்.
நான் தமிழில் சொல்லத் தொடங்குமுன்னே
அவன் தலையாட்டினான்.
"ஒப்புக்கொள்கிறானா?" என்றார் துரை.
"இல்லை அய்யா, காது கொடுக்கிறான்."
அதுவரைக்கும் நான் யோக்கியன்.

"ராத்திரி அந்தப் பக்கம் ஏன் போனாய்?"
"சும்மாதான் சாமி."

சும்மா.
கொட்டடிப் புழுக்கம், ஓயாமல் அழும் பிள்ளை,
கால் போன போக்கு,
சர்தார் கண்ணில் படாமல் கொஞ்ச நேரம்
எவனுக்கும் கூலியாக இல்லாமல் இருப்பது:
அத்தனையும் அதற்குள் கிடந்தது.
மணியோ பன்னிரண்டே முக்கால்.
எனக்குப் பசி.

"காரணம் ஏதுமில்லை என்கிறான்," என்றேன்.
துரையின் பேனா அதை அப்படியே எழுதிக்கொண்டது.

ஒன்பது மாதம், கடுங்காவல்.
விலங்கோடு என்னைப் பார்த்துக் கும்பிட்டான்,
தனக்கு வாயாக இருந்ததற்கு.

இருட்டிவிட்டது. உம்லோட்டி ஆற்றோரம்
வெகுநேரமாய் நின்றுகொண்டிருக்கிறேன்.
ஏன் வந்தாய் என்று
எவனாவது கேட்டுவிடுவானோ என்று
பயமாக இருக்கிறது.