ஆய்வு நாள், செந்தூல்

மூன்று மாடி ஏறி மூச்சு வாங்கியபடி
புவான் ரொஹானி கேட்டது தண்ணீரல்ல,
பொம்பா சான்றிதழ்.

கூட வந்தவர் நாடாவை விரித்தார்.
அகத்தியர் சிலையை நகர்த்தியும்
வகுப்பறை ஓரடி குறைந்தது.

மொட்டைமாடியில் மூலிகைத் தோட்டம்:
பதினெட்டுத் தொட்டி.
அவசரத்தில் நிலவேம்பின் அட்டையைக்
கீழாநெல்லியில் செருகியிருந்தேன்.
அவர் ஓரிலை கிள்ளி மென்றார்.
'ஹெம்பெடு பூமி இவ்வளவு சாதுவா?'
சிரித்தாரா, தெரியவில்லை;
கோப்பு முகத்தை மறைத்தது.

என்ன எழுதினாரோ,
ஏழு மாதமாய்ப் பதிலில்லை.

இறுதியாண்டு குகநேசன்
இரவில் கிராப் ஓட்டுகிறான்.
பயணி ஒருவரின் மணிக்கட்டைத் தொட்டானாம்.
அங்கீகாரம் வரும்வரை
யாருக்கும் நாடி பார்க்கக் கூடாதென்று
நானே கையெழுத்திட்டுக் கடிதம் நீட்டினேன்.
கடிதத்தோடு சேர்த்துப் பிடித்த கையை
ஒரு நிமிடம் விடவில்லை அவன்.
'பித்தம் ஏறியிருக்கு, டீச்சர்.'