வாய்தா

மாவட்ட வரலாற்று நூலில் அவருக்குப் பதினொரு வரிகள்.
பிறந்தது கனெக்டிகட்டில், சட்டம் படித்தது
யாரோ ஒருவரின் அலுவலகத்தில், அடுப்புச் சாம்பல் அள்ளியபடி.
வாபாஷ் ஆற்றங்கரைக்கு வந்தபோது
ஒரு கோவேறு கழுதை, இரண்டு புத்தகம், இரவல் கோட்டு.
லெமுவேல் திராக்மார்ட்டன்,
வக்கீல், மூன்று முறை சட்டமன்ற உறுப்பினர்,
வேலிச் சட்டத்தைக் கொண்டுவந்தவர்.
அதற்குமேல் அந்தப் புத்தகத்துக்கு மூச்சில்லை.

வேலிச் சட்டம் நல்ல சட்டம்தான்.
பன்றி புகுந்து சோளத்தைத் தின்றால்
பன்றிக்காரன் தண்டம் கட்டுவதா
வேலி போடாதவன் வாயைப் பொத்துவதா என்று
பதினேழு வருடம் அடித்துக்கொண்ட ஊர் அது.
நாலரை அடி உயரம்,
கீழ்க்கட்டைக்கு அடியில் குட்டியின் தலை நுழையக் கூடாது
என்று எழுதினார்.
எழுதுமுன் சேற்றில் மண்டியிட்டு
கத்தும் பன்றிக்குட்டியை அக்குளில் இடுக்கி
தலையை நூலால் அளந்தார்.
ஊர் சிரித்தது.
ஓட்டும் போட்டது.

நான் தேடியது வேறு பக்கம்.

நீதிமன்றப் பதிவேடு, 1846, மார்ச்.
பிராது கொடுத்தவர் ப்ரைமஸ் லாயல்,
கொல்லர், கறுப்பர், எவருக்கும் அடிமையல்லர்.
எதிரி ஜோதம் காஃப், மாவுமில் முதலாளி.
மில்லின் அச்சுக்கும் இரும்புப் பட்டைக்கும்
நாற்பத்தோரு டாலர் பாக்கி.
பேச்சு நடந்தபோது அங்கே இருந்தவர் இருவர்,
தர வேண்டியவரும் பெற வேண்டியவரும்.
வெள்ளையருக்கு எதிராகக் கறுப்பர் சாட்சி
சொல்லக் கூடாது, அதுதான் சட்டம்.
கூண்டுப் படியில் ஒரு கால் வைத்தவரை
இறங்கச் சொன்னார்கள்.
வாய் தா என்று வந்தவருக்கு
வக்கீல் வாங்கிக் கொடுத்தது வாய்தா.
பிறகு இன்னொன்று.
மூன்றாவதில் தள்ளுபடி,
செலவுத்தொகை கொல்லர் தலையில்.

ஃபீஸ்: கதவுத் தாழ்ப்பாள் ஒன்று, ஆணி ஆறு.
ரசீது இருக்கிறது.
அதில் மட்டும் திராக்மார்ட்டனின் கையெழுத்து
எறும்பளவு.

ஐந்து வருடம் கழித்து அவைக்கு ஒரு மசோதா வந்தது,
அந்த ஒரு விதியை நீக்க.
பிப்ரவரி. கணப்பில் ஈர விறகு. ஒவ்வொரு பெயராகக் கூப்பிடுகிறார்கள்.
ஸ்டார்பக், ஆம்.
டெயின்டர், இல்லை.
திராக்மார்ட்டன்.
திராக்மார்ட்டன்?

குதிரைக்கு லாடம் தளர்ந்துவிட்டதாம்,
பார்க்கப் போயிருந்தார்.

முப்பத்தெட்டுக்கு முப்பத்தெட்டு.
சமம் என்றால் தோல்வி, அவையின் விதி.

அந்த வருடத் தேர்தலில்தான்
அவருக்கு அதிக ஓட்டு விழுந்தது.
மனைவி மெஹிதபெலின் கணக்குப் புத்தகத்தில்
முட்டை விலைக்கும் மெழுகுவர்த்திக்கும் நடுவே ஒரு வரி:
'ராத்திரி எழுந்து தாழ்ப்பாளைப் போடுகிறார்,
திறக்கிறார், போடுகிறார்.'

போர் முடிந்து விதி போயிற்று,
வேறு யாருடைய ஓட்டிலோ.
லாயல் அதற்குள் மிச்சிகன் பக்கம் போய்விட்டார்
என்கிறார்கள். கனடா என்றும்.

1873, உயில், நாலாவது பத்தி:
தாழ்ப்பாளைக் கழற்றி, ஆணிகளோடு,
நாற்பத்தோரு டாலரும் இருபத்தேழு வருட வட்டியும் சேர்த்து
கொல்லரிடமோ அவர் பிள்ளைகளிடமோ கொடுக்கவும்.
ஓரத்தில் எழுத்தரின் குறிப்பு:
ஆள் அகப்படவில்லை. வாய்தா.
தேதிக்கு விட்ட இடம் காலி.

அடித்தளத்தில், தகரப் பெட்டியில்,
சணல் துணிக்குள் இருந்தது.
எண்ணெய் இல்லாமலே வழுக்கி நகர்கிறது.
ஆணி ஐந்துதான்.
இரண்டு முறை எண்ணினேன்.