மேல்மண்

கீல் தெருவில், தண்டவாளம் வளைகிற இடத்தில்
நாற்பத்தொரு மாடி எழப்போகிறது.
அதற்குமுன் எங்களுக்கு ஒன்பது நாள்.
கட்டுவதற்குமுன் யாராவது குனிந்து பார்க்க வேண்டுமாம், சட்டம்.
குனிவதற்குத்தான் எனக்குச் சம்பளம்.

முதல் நாள் இயந்திரத்துடையது.
அமெரிக்கோ மேல்மண்ணை வழித்தெடுத்தார்,
பாலாடை வழிக்கிற நிதானத்தில்.
அறுபது சென்டிமீட்டர்.
படிவத்தில் அதற்கென்று ஒரு வரி அச்சிட்டே இருக்கிறது:
அண்மைக்கால நிரப்பு. கலங்கியது. மதிப்பில்லை.

அதன் கீழேதான்
நாங்கள் தேடிவந்த நூற்றாண்டு.
அடுப்பு வார்த்த ஆலை.
கசடு, கரி குடித்த செங்கல், வார்ப்பு மணலில்
பாதிப் பூவோடு நின்றுபோன ஓர் அடுப்புக் கால்.
கொதிகலன் கதவில் புடைத்த எழுத்து: லீட்ஸ்.
கப்பலேறி வந்த இரும்பு.
பிறகு, களிமண் புகைக்குழாயின் காம்பு ஒன்று,
பல் பதிந்த தடத்தோடு.

கெய்ட்லின் முழங்காலிட்டு
அந்தத் தடத்தைத் தூரிகையால் துடைத்தாள்,
குழந்தைக்கு வாய் துடைப்பதுபோல.
"இடப்பக்கமே கடித்திருக்கிறான். வலப்பக்கம் வலித்திருக்கும்."
நூற்றுமுப்பது வருஷத்துக்கு முந்தைய ஒரு பல்வலியை
மதியச் சாப்பாடு முடியும்வரை கதைத்தோம்.
நல்ல வேலை இது.
குறை சொல்ல எனக்கு வாயில்லை.

நான்காம் நாள் மழை.
வடக்குச் சுவர் கொஞ்சம் சரிந்து
மேல்மண்ணின் விளிம்பில் ஏதோ பளிச்சிட்டது.
எவர்சில்வர்.
துருப்பிடிக்காது என்று கடைக்காரர் சொன்னது பொய்யில்லை.
சாப்பாட்டுக் கரியரின் மூடி, ஒரு பக்கம் நசுங்கி.
பெருவிரலால் சேற்றைத் தள்ளினேன்.
புள்ளி புள்ளியாய்க் குத்திய எழுத்து:

க. அருளம்பலம் குடும்பம்
அன்பளிப்பு 12.6.83

எங்கள் தொழிலில் ஒரு விதி உண்டு.
மண்ணடுக்கில் நாணயம் கிடந்தால்
அந்த மண் நாணயத்துக்குப் பிந்தியது.
அப்படியென்றால் இந்த மண்
ஒரு கலியாணத்துக்குப் பிந்தியது.
அதற்கு அடுத்த மாதத்துக்கும் பிந்தியது.
இருபது கிலோ பெட்டியில்
எதை வைப்பது, எதை விடுவது என்று
ஒருத்தி நின்று யோசித்த இரவுக்கும் பிந்தியது.

"பழசா?" என்றாள் கெய்ட்லின்.
"இல்லை."
"அப்போ மேல்மண்."
"ஓம், மேல்மண்தான்."

அமெரிக்கோ இறங்கி வந்து பார்த்தார். சிரித்தார்.
தொண்ணூற்றொன்றில் இதே இடத்தில் இரவு வேலையாம் அவருக்கு,
திரைச்சீலைக் கம்பி செய்த காலம்.
மேற்பார்வையாளன் அந்தப் பக்கம் போனதும்
பெயின்ட் உலர்த்துகிற அடுப்பின் தலையில்
கரியர்கள் வரிசையாய் ஏறுமாம்.
"உங்கள் ஆட்கள் மூடியைத் திறந்தால்
மொத்தக் கட்டிடமும் தும்மும்.
பிறகு நாங்களும் கேட்டு வாங்கித் தின்றோம்."
பெயர்கள்?
"சிவா என்று ஏழு பேர்.
சிவா வன், சிவா டூ என்றுதான் கூப்பிடுவோம்."

ஏழில் எந்தச் சிவா?
மூடியைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறேன்.
கொடுத்தவர் பெயர் ஆழமாய் இருக்கிறது.
சாப்பிட்டவர் பெயர் இல்லை.
கொதிகலனிலும் அப்படித்தான், ஊரின் பெயர்.
ஊதியவனுக்குப் பல்தடம்.
இவனுக்கு அதுவுமில்லை.

அட்டவணையில் எழுதினேன்.
பொருள் 212. மூடி.
காலம்: 12.6.83க்குப் பின்.
மதிப்பு என்ற கட்டத்தில் பேனா கொஞ்ச நேரம் நின்றது.
நிலை என்ற கட்டத்தில்
கலங்கியது என்று போட்டேன்.
மண்ணைத்தான் சொல்கிறேன் என்று
கெய்ட்லின் நினைத்துக்கொள்ளட்டும்.

மாலையில் அமெரிக்கோவிடம் கேட்டேன்,
முதல் நாள் ஏற்றிய மண் எங்கே போனதென்று.
பதினாறு லாரி.
"மார்க்கம் பக்கம். புதுத் தெருக்களுக்கு அடிமண்."
அந்தத் தெருக்களில் யார் வீடு வாங்குகிறார்கள் என்று
அவருக்கும் தெரியும்.
என் தம்பி முன்பணம் கட்டிவிட்டான்.