வினாப்புராணம்

ஜுபைல் உப்புநீக்கு ஆலை, இரவு ஷிஃப்ட்.
பர்மிட் தாளின் பின்பக்கம்
ஒரு புது இலக்கிய வகையைத் தொடங்கினேன்.
முன்பாதி புராணம், பின்பாதி தர்க்கம்.
ஒரே விதி: தேவர்கள் பதில் சொல்லக் கூடாது.

முதல் கதை.
கடலைக் கடைந்தார்கள்; குடிநீர் வந்தது.
மிஞ்சிய கைப்பைக் குழாய்வழி
கடலுக்கே திருப்பி அனுப்பினார்கள்.
ஒரு தொண்டையும் முன்வரவில்லை.
விழுங்கியதால் அவன் கடவுளா,
கடவுளென்று சொல்லி
விழுங்க வைத்தார்களா?

சூப்பர்வைசர் நூகுத்தம்பி
இரண்டு முறை படித்தார்.
"எல்லாம் சரி. அந்தப் பாம்பு,
அதான்யா, கயிறு,
அதுக்குச் சம்பளம் யார் கொடுத்தா?"

என் வகைக்குள் அது அடங்குமா, தெரியவில்லை.
இடுப்பு ஹார்னஸை இறுக்கிக்கொண்டு
இரண்டாம் டேங்கில் ஏறினேன்.
மேலே ஒருவன் இழுத்தான்,
கீழே ஒருவன்.