ஆர்-நாற்பத்தேழு

சாட்ஸ்வர்த், ஐந்தாம் யூனிட்.
எட்டு மணிக்குப் போன கரண்ட் பத்தரைக்கு வந்தது.
தெரு முழுக்க கெட்டில்கள் ஒன்றாகச் சீறின.
திருமதி எம்தெம்புவின் குஞ்சுப் பெட்டி மட்டும்
கண் திறக்கவில்லை.

உள்ளங்கை அளவுப் பலகை, முழுக் கணினியும் அதில்தான்.
சிவப்பு விளக்கு எரிகிறது. பச்சை இல்லை.
பெட்டிக்குள் அறுபது முட்டை, பத்தொன்பதாம் நாள்.
கம்பளி போர்த்தி, சுடுநீர்ப் போத்தல் செருகி,
"காலைவரை தாங்கும், சலோஷினி" என்கிறாள்.
தாங்காது என்று இருவருக்கும் தெரியும்.

சமையல் மேசையில் பதினோரு தாள்களைப் பரப்பினேன்.
பலகையில் உரசிக்கொண்டு நிற்பவை
தாளில் ஆறு பக்கம் தள்ளி இருக்கின்றன.
கோடு பாதியில் நிற்கும். நுனியில் ஒரு பெயர்.
அதே பெயர் ஒன்பதாம் தாளில்
வேறொரு கோட்டின் நுனியில்.
நடுவே ஒன்றும் வரையவில்லை.
பெயர் ஒன்றானால் கம்பியும் ஒன்று, அதுதான் சட்டம்.

எங்கள் தெருவில் நாலு கோவெண்டர் வீடு.
ஒருவர் தண்ணீர் பில் இன்னொருவர் பெட்டியில் விழும்,
அப்போதும் பேசிக்கொள்ள மாட்டார்கள்.

ஐந்து வோல்ட் வந்திருக்கிறது.
மூன்று புள்ளி மூன்று, உண்டு.
ஒன்று புள்ளி எட்டு இருக்கவேண்டிய இடத்தில்
மீட்டர் பூஜ்யம் காட்டுகிறது.
விரலைப் பின்னால் ஓட்டினேன், தாள் ஏழு, தாள் நான்கு.
முந்தியது "நான் சரி" என்றால்தான் அடுத்தது எழும்.
அதைச் சொல்லத் தனியாக ஒரு கால்.
அந்தக் காலுக்கோ
ஆம் சொல்லத் தெரியாது.
சரியில்லாதவரை
கோட்டைத் தரையோடு இழுத்துப் பிடித்திருக்கும்.
சரியானதும் கையை விட்டுவிடும்.
அதன் பேச்சு அவ்வளவே.
கோட்டை மேலே தூக்குவது
ஓரத்தில் நிற்கும் ஒரு ரெசிஸ்டர்,
பத்து கிலோ ஓம், எள்ளில் பாதி,
ஆர்-நாற்பத்தேழு.

பூதக்கண்ணாடியில் விரிசல் தெரிந்தது.

போன ஞாயிறு நார்த் பீச்சில்
சோளத்தைக் கடித்தபடி பூபாலன் கேட்டான்.
நான் இல்லை என்று சொல்லவில்லை.
அதுவே பதில் என்று எடுத்துக்கொள்வான் என நினைத்தேன்.
ஆறு நாளாக அழைப்பில்லை.

செத்த ரவுட்டர் ஒன்றிலிருந்து
அதே அளவை உருவி, மூச்சடக்கி வைத்தேன்.
ஈயம் உருண்டு பிடித்தது.
பச்சை.

விசிறி சுழல, திருமதி எம்தெம்பு
பெட்டியில் காதை வைத்தாள்.
உள்ளே கொத்துகிறதா, விசிறிச் சத்தமா,
தெரியவில்லை. கேட்டுக்கொண்டே இருக்கிறாள்.

மணி ஒன்றேகால்.
இந்நேரத்தில் போன் அடித்தால் பதறுவான்.
பதறட்டும்.