தாமதம்

பாலத்தின் மூன்றாவது தூணில்
ஆணியடித்து நிறுத்திய அளவுகோல்.
காலை ஆறு, பகல் பன்னிரண்டு, மாலை ஆறு:
போய்ப் பார்த்து எழுதுவது என் வேலை.
ஒரு குடை, ஒரு டோர்ச், நீல அட்டைக் கொப்பி.
மட்டத்துக்கு ஒரு கட்டம்.
குறிப்புக்கு இன்னொன்று, இரண்டு விரல் அகலம்.

ஆக்ரா ஓயா பிறக்கும் இடமென்று
பள்ளிக்கூடத்தில் படத்தில் ஒரு புள்ளி காட்டினார்கள்.
நான் பார்த்ததில் புள்ளி இல்லை.
ஏழாம் நம்பர் மலைக்கு மேலே
தேயிலை முடிந்து புல் தொடங்கும் பள்ளத்தில்
நிலமே பிழியாத துணிபோல் கிடக்கும்.
மிதித்தால் கணுக்கால் வரை இறங்கும்,
காலை எடுத்தால் உறிஞ்சும் சத்தம்.
அட்டை, தவளை,
இரவில் மரை வந்துபோன குளம்புக்குழிகள்,
குழிக்கு ஒரு கரண்டித் தண்ணீர்.
அத்தனை கரண்டியும் சேர்ந்துதான் ஆறு.

ஊருக்குப் பேர் அக்கரப்பத்தனை.
பத்தனை என்றால் புல்வெளி.
பேரில் இன்னும் கொஞ்சம் மிச்சமிருக்கிறது.

பள்ளத்தில் முதல் கானை வெட்டியது
என் வீட்டுக்காரர் அருளப்பன்தான்.
வாரத்துக்கு மூன்று நாள்தான் வேலை என்று
தோட்டம் கைவிரித்த வருஷம்.
மூன்று கான், இடுப்பளவு ஆழம், நேரே கீழ்நோக்கி.
ஒரு மாசி வெயிலில் பள்ளம் காய்ந்து கறுத்தது.
லீக்ஸ் போட்டார்,
மணிக்கட்டு மொத்தத்துக்கு வந்தது.
சின்னவளின் சப்பாத்து அந்த லீக்ஸ்.
கூரைத் தகரம் அந்த லீக்ஸ்.
இதை எந்தக் கட்டத்தில் எழுதுவது?

எழுத வேண்டியதை ஆறே எழுதியது.
முன்பு மலையில் மழை கொட்டினால்
மறுநாள் பகல்தான் மட்டம் ஏறும்.
இப்போது நனைந்த படங்கு காய்வதற்குள்
செம்மண்ணோடு வந்து தூணை முட்டுகிறது.
பங்குனியில் கோலின் அடி தெரிகிறது.
பீலியடியில் குடங்கள்
விடியும்வரை வரிசையில் நிற்கின்றன.
கொழும்பிலிருந்து கடிதம்:
"அளவீட்டில் சந்தேகம். கோலைச் சரிபார்க்கவும்."
கோல் சரியாகத்தான் இருந்தது.

நுவரெலியாவில் ஒருநாள் பயிற்சி.
ஹேமபால மாத்தியா திரையில் ஓர் ஆற்றைக் காட்டினார்.
ஆப்பிரிக்காவில், சாம்பியாவில், காஃபுவே என்று பேர்.
நடுவழியில் பெரிய சமவெளி, சேறும் நாணலும்.
மேலே நுழையும் தண்ணீர் கீழே வெளியேற
இரண்டு மாதம் ஆகுமாம்.
அதை நம்பி மீன், மாடு, கொக்கு, மனிதர்.
இப்போது மேலே ஓர் அணை, கீழே ஓர் அணை,
வெள்ளம் எப்போது வரலாமென்று
கதவுதான் சொல்கிறதாம்.
எல்லோரும் தேத்தண்ணி குடிக்கப் போனார்கள்.
நான் எழுந்திருக்கவில்லை.
பெரட்டுக்குப் பத்து நிமிஷம் பிந்தினால்
எங்களுக்கு அரைப்பேர்.
அங்கே ஓர் ஆறு இரண்டு மாதம் பிந்துகிறது,
அதனால்தான் எல்லோருக்கும் சோறு.

அன்றிரவு அருளப்பனிடம் சொன்னேன்.
சாப்பிட்டுக்கொண்டே கேட்டார், பதில் இல்லை.
அடுத்த ஞாயிறு மூங்கில் நட்டு
புல்லுக்கட்டி அடுக்கி ஒரு கானை அடைத்தார்.
"ஒண்ணுதான். மத்த ரெண்டையும் கேக்காத."
நாலு பாத்தி லீக்ஸ் அழுகிப்போனது.
இரண்டு நாள் என்னோடு பேசவில்லை.

ஆனியில் ஒரு சனி இரவு, தகரம் பிய்கிற மழை.
விடியற்காலை டோர்ச் அடித்தேன்.
நேற்று மாலை 0.64, இப்போது 0.71.
பகலுக்கு 0.93.
விளக்கு வைக்கும் நேரத்தில்தான் ஒரு மீட்டரைத் தொட்டது.
ஒரு கானால் இவ்வளவு ஆகுமா? தெரியாது.
மேலே காற்று மழையை
எந்தப் பக்கம் தள்ளியதோ.

ஆனாலும் குறிப்புக் கட்டத்தில்
முதல் தடவையாக ஒரு சொல் எழுதினேன்.
தாமதம்.
எழுத்து கொஞ்சம் பெரிதாகி
பக்கத்துக் கட்டத்திலும் ஏறிக்கொண்டது.