நிகர எடை

லாரி ஏறும்போது மேடை நடுங்கும்.
இறங்கிய பிறகு கொஞ்ச நேரம் யோசிக்கும்,
அப்புறம்தான் பூஜ்யத்துக்குத் திரும்பும்.
அந்த யோசனை முடியும்வரை காத்திருந்து
எழுதிக்கொள்வது என் வேலை,
பதினோரு வருடமாக.

உம்கேனி ஆற்றுக்கு வடக்கே
டர்பன் வேண்டாமென்று சொன்னதெல்லாம்
என் ஜன்னலைத் தாண்டித்தான் மேட்டுக்குப் போகும்.
பின்னாலேயே நடந்து போகும் அரிவாள்மூக்கன்கள்,
வெள்ளை உடம்பு, மயிரில்லாத கரித்தலை,
வட்டிக்கடைக் கணக்கர் நடை.
குப்பைக்கோழி என்பான்
புல்டோசர் ஓட்டும் ம்லுங்கிசி.

போன மழையில் ஒரு பள்ளிக்கூடம்
தன் நூலகத்தை எட்டு டன்னாக அனுப்பியது.
மேடையில் சரிந்த ஒன்றை எடுத்து உலர்த்தினேன்.
அட்டை இல்லை. முதல் முப்பது பக்கம் இல்லை.
முப்பத்தொன்றாம் பக்கத்தில்
இவன்.

அதே மூக்கு. அதே கரித்தலை.
கழுத்துக்குக் கீழே மனிதன், கையில் நாணல் எழுதுகோல்.
செத்தவன் நெஞ்சை ஒரு தட்டில் வைத்திருக்கிறார்கள்,
மறு தட்டில் ஓர் இறகு.
பக்கத்தில் நின்று இவன் குறித்துக்கொள்கிறான்.
காலடியில் ஒன்று குந்தியிருக்கிறது,
முதலை வாய், சிங்க மார்பு, நீர்யானைப் பிட்டம்.
கனத்த நெஞ்சு அதற்குச் சாப்பாடு.

நிமிர்ந்து புல்டோசரைப் பார்த்தேன்.
ம்லுங்கிசி கை அசைத்தான்.

லட்சக்கணக்கில் நேர்ந்துகொண்டார்களாம்.
இவனுக்கே இவனைக் கொன்று,
துணி சுற்றி, ஜாடியில் அடைத்து, இருட்டில் அடுக்கி.
சில பொட்டலங்களில் பறவையே கிடையாது,
கொஞ்சம் நாணல், இரண்டு இறகு.
அதற்கும் பூசாரி முழுக் காசுதான் வாங்கியிருப்பான்.

வியாழக்கிழமை, கதவடைக்கும் நேரம்
ஃபீனிக்ஸிலிருந்து ஒரு பழைய வேன்.
இறங்கினவள் பெயர் தனசகிரி, விண்ணப்பத்தில் பார்த்தேன்.
கையில் படுக்கை விரிப்பில் சுற்றிய ஏதோ.
பூனை என்றாள்.
ஆஸ்பத்திரி மாதங்களில் வயிற்றின் மேலேயே படுத்துக் கிடந்ததாம்,
சூடு எங்கே என்று அதற்குத் தெரியுமாம்.
நான் போவேன் என்று இருந்தேன், இது முந்திக்கொண்டது.
குடியிருப்பது மூன்றாவது மாடி,
கீழே முழுக்க சிமெண்ட்.

விலங்குச் சடலத்துக்குத் தனிப் படிவம் வேண்டும்,
மருத்துவர் கையெழுத்து வேண்டும்.
சொல்ல வாயெடுத்தேன்.
அவளுக்குப் புருவம் இல்லை.
மருந்தில் உதிர்ந்தது, பென்சிலால்கூட வரையவில்லை.

நாற்பத்தேழாம் பக்கம்:
பூனை செத்த வீட்டில்
எல்லோரும் புருவம் மழித்துக்கொள்வார்கள்.

இருபது கிலோவுக்குக் குறைந்த எதையும்
என் மேடை கண்டுகொள்ளாது.
பூனை, பறவை, இறகு,
கழற்றி வைக்க முடிந்தால் ஒரு நெஞ்சு,
எல்லாம் அதற்கு ஒன்றுதான்.
போங்கள் என்றேன்.

மூடிய பழைய மேட்டின் சரிவில், புல் பிடித்த பக்கம்,
ம்லுங்கிசி எந்திரத்தை அணைத்துவிட்டு
மண்வெட்டியோடு இறங்கினான்.
நேரம் ஆயிற்று. நரி தோண்டாத ஆழம்
என்று பிறகு சொன்னான்.
இந்தப் பக்கம் நரி கிடையாது.

திரும்பும்போது வேனில் விரிப்பு மட்டும், மடித்து.
எவ்வளவு என்று கேட்டாள்.
மேடையைக் காட்டினேன்.

மாதக் கடைசியில் மேற்பார்வையாளர் பக்கத்தைப் புரட்டினார்.
வந்த எடையும் போன எடையும் ஒன்று,
நடுவில் ஐம்பது நிமிடம்.
ஒன்றுமே கொண்டுவராத வண்டி
எதற்கம்மா வந்தது?

வழி தவறி வந்தது சார் என்றேன்.

ஜன்னலுக்கு வெளியே, கம்பித் தடுப்பின் மேல்
அரிவாள்மூக்கன் ஒன்று
நீளமான கோழிக்குடலைத்
தலையை உதறி உதறி
விழுங்கிக்கொண்டிருந்தது.
எதையும் எழுதிக்கொள்ளவில்லை.